சிரிப்புப் பிடிக்க வந்தவர்

மனிதர்களைச் சிரிக்க வைக்கிறவன் நல்லவனாகத்தான் இருப்பான் என்று நம் ஜனங்களுக்கு ஒரு நினைப்பு. எனக்கு அந்த நினைப்பு போய் முப்பது வருஷத்துக்கு மேல் ஆகிறது. போன மாதம் ராஜபாளையத்தில் ஒரு கல்யாணப் பந்தியில் பக்கத்து இலைக்காரர் அவரைப் பற்றிப் பேச்செடுத்தார். "அவரு நாடகம் டிவியில ஓடுனா தெருவுல ஒரு ஈ காக்கா இருக்காதுல்லா? தங்கமான மனுசன்" என்றார். பாயசத்துக்குக்கூடக் காத்திராமல் இலையை மூடிவிட்டு எழுந்து வந்துவிட்டேன்.

அவர் பெயரைச் சொல்லப்போவதில்லை. சொன்னால் அவருடைய ஏதாவது ஒரு காட்சி ஞாபகம் வந்து நீங்களும் சிரித்துவிடுவீர்கள். அதற்கு நான் ஏன் இடம் கொடுக்க வேண்டும்?

எண்பதுகளின் கடைசியில் எனக்கு இருபத்தெட்டு வயது. ராஜபாளையம் பழைய பஸ் நிலையத்துக்குப் பக்கத்தில் கேசட்டில் பாட்டு பதிவு செய்து கொடுக்கும் கடை வைத்திருந்தேன். காலி கேசட்டையும் பாட்டுப் பட்டியலையும் கொடுத்துவிட்டுப் போவார்கள். மூன்று நாள் கழித்து வாங்கிக்கொள்வார்கள். அவர் எங்கள் ஊர்க்காரர்தான். மில் ஆண்டு விழாக்களுக்கு நாடகம் எழுதி, அங்கிருந்து மெட்ராஸ் போய், டிவியில் பதின்மூன்று வாரத் தொடர் இரண்டு எழுதித் தயாரித்திருந்தார். தயாரிப்பாளர் என்றால் நாற்காலி போட்டு உட்கார்ந்திருக்கும் ஆள் என்று நினைக்க வேண்டாம். நடிகர்களுக்கு இட்லி வாங்குவதிலிருந்து, முடித்த டேப்பை மடியில் வைத்துக்கொண்டு ஆட்டோவில் போய் டிவி நிலையத்தில் ஒப்படைப்பது வரை எல்லாம் அவரேதான்.

ஒரு மத்தியானம் ஒரு வெளிநாட்டு இசைத்தட்டோடு என் கடைக்கு வந்தார். வெள்ளை முழுக்கைச் சட்டை, பையில் பேனா.

"தம்பி, இதைச் செத்தப் போடுங்க."

போட்டேன். பாட்டில்லை, பேச்சில்லை. வெறும் சிரிப்பு. ஒரு கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது. எனக்கும் சிரிப்பு வந்துவிட்டது. அவர் கண்ணை மூடித் தலையைச் சாய்த்துக் கேட்டுக்கொண்டிருந்தார்.

"எப்படி இருக்கு?"

"நல்லாத்தான் சிரிக்கான் அண்ணாச்சி."

"மண்ணாங்கட்டி. இவன் தொண்டையில சிரிக்கான். நம்மாளு வயித்துல இருந்து சிரிப்பான். மெட்ராஸ்ல இதத்தான் எல்லா சீனுக்கும் ஒட்டுதானுவ. எங்க ஊரு சம்பந்தி சண்டைக்கு வெள்ளைக்காரன் என்னத்துக்குய்யா சிரிக்கணும்?" என்றவர், தட்டை உறையில் போட்டுக்கொண்டே கேட்டார். "நம்ம ஊருச் சிரிப்பு வேணும். புடிச்சுத் தாரீயளா?"

அவர் சிரித்து நான் பார்த்ததே இல்லை. மற்றவர்கள் சிரிப்பதைக் கேட்பார். அவ்வளவுதான். கேட்டுவிட்டுத் தரம் பிரிப்பார். "இது மரியாதைக்குச் சிரிக்கிறது, வேண்டாம். இது மேனேஜருக்குச் சிரிக்கிறது. இது பக்கத்துல இருக்கவன் சிரிச்சானேன்னு சிரிக்கிறது." ஒவ்வொரு தொடருக்கும் முன்னால் மெட்ராஸிலிருந்து வந்து இங்கே லாட்ஜ் மாடியில் அறை எடுத்து எழுதுவார். அவர்கள் வீட்டில் தெலுங்கு பேசுவார்கள். எழுதிய வசனத்தைத் தெலுங்கில் ஒருமுறை தனக்குத்தானே சொல்லிப் பார்ப்பார். அதிலும் சிரிப்பு நிற்க வேண்டும், நிற்காவிட்டால் அடித்துவிடுவார். "தமிழ்ல மட்டும் சிரிப்பு வந்தா அது வார்த்தை செஞ்ச வேலை. நான் செஞ்ச வேலை இல்ல" என்பார். தொழிலில் அவ்வளவு நேர்மை. தொழிலுக்கு வெளியே அதில் கால்வாசிகூடக் கிடையாது.

அவருடைய அப்பா இறந்த வீட்டுக்கு நானும் போயிருந்தேன். பெரியவருக்குப் பல்செட். அதைக் காணோம் என்று காலையிலிருந்து தேடிக்கொண்டிருந்தார்கள். பல் இல்லாமல் முகம் ஒட்டிப்போய்க் கிடக்கிறதே என்று அவர் அம்மாவுக்கு ஒரே குறை. பத்திரமாக இருக்கட்டும் என்று அவருடைய அத்தைதான் அதை எடுத்து மடியில் செருகியிருக்கிறாள். செருகியதை மறந்தும் விட்டாள். அண்ணனைச் சொல்லிச் சொல்லி மாரில் அடித்து அழுதபோது பல்செட் நழுவி விழுந்து பாடையருகே உருண்டது. பிறகு எங்கோ ஒருவர் களுக்கென்றார். அவ்வளவுதான், எழவு வீடே முந்தானையையும் துண்டையும் வாயில் வைத்துக்கொண்டு குலுங்கியது.

நான் அவரைப் பார்த்தேன். அழுது சிவந்த கண்ணை மூடி, தலையைச் சாய்த்து, யார் எப்படிச் சிரிக்கிறார்கள் என்று கேட்டுக்கொண்டிருந்தார். பிறகு கை பேனாவைத் தேடி மார்புக்குப் போனது. கொள்ளி வைக்கப் போகிறவன் உடம்பில் சட்டை ஏது? வெறும் மார்பைத் தடவிவிட்டுக் கை இறங்கியது.

மூன்றாம் மாதம் அது அப்படியே டிவியில் வந்தது. அவருடைய அம்மா எழுந்து டிவியை அணைத்துவிட்டு, ஒரு வருஷம் மகனோடு பேசவில்லை. "என்ன அண்ணாச்சி, சொந்த அப்பாவையே..." என்று இழுத்தேன்.

"சிரிச்சாங்களா இல்லையா?" என்றார்.

எதற்கும் அந்த ஒரு கேள்விதான் அவரிடம் இருந்தது. அன்றைக்கு அந்தக் கதையை நான் பத்துப் பேரிடம் பெருமையாகச் சொல்லித் திரிந்தேன். என்னைப்போல மடையன் ஊரில் ஒருவன் இருந்திருக்க மாட்டான்.

சிரிப்புப் பதிவுக்கு ஸ்ரீவில்லிபுத்தூரில் மடவார் வளாகத்தில் ஒரு சின்னக் கல்யாண மண்டபம் பிடித்தார். ராஜபாளையம் வேண்டாம் என்றார். "அங்க என் மூஞ்சியப் பாத்தாலே சிரிப்பானுவ. அது சேத்தியில்ல." ஆள் சேர்க்கும் வேலை எனக்கு. என் அக்காவை ஸ்ரீவில்லிபுத்தூரில்தான் கட்டிக் கொடுத்திருந்தோம். வாயேன் என்று நான்தான் கூப்பிட்டேன்.

அக்காவின் சிரிப்பைப் பற்றிச் சொல்ல வேண்டும். முதலில் சத்தமே வராது. தோள் மட்டும் குலுங்கும். பிறகு விக்கல் மாதிரி ஒன்று, இரண்டு. அதற்குப் பிறகு அணை உடைந்து, மேலே மேலே ஏறி, மூச்சு முட்டி, "ஐயோ சாமி, முடியலயே" என்று முடியும். கேட்கிறவன் காரணம் தெரியாமல் கூடச் சிரிப்பான். கல்யாணமாகிப் போன வீட்டில் அது ஆகவில்லை. அத்தான் ஆலங்குளம் சிமெண்ட் ஆலைக்கு ஷிஃப்ட் வேலைக்குப் போய்வருகிறவர். அதிகம் பேச மாட்டார், அவர் இருக்கும்போது மற்றவர்களும் பேசக் கூடாது. "இந்த வீட்டுல இப்படிச் சிரிச்சுப் பழக்கமில்ல" என்று மாமியார் முதல் மாதமே சொல்லிவிட்டாள். நாலு வருஷத்தில் அக்கா வாயைப் பொத்திக்கொள்ளப் பழகிவிட்டாள். ஒரு மத்தியானமாவது வந்து சிரித்துவிட்டுப் போகட்டும் என்று எனக்கு ஆசை.

"கோயிலுக்குப் போறதாச் சொல்லிட்டு வந்திருக்கேன். சீக்கிரம் விட்டுருவியளாலே?" என்றபடி கடைசி வரிசையில் உட்கார்ந்தாள்.

ஐம்பது பேர் இருப்பார்கள். அவர் எழுதி வைத்திருந்த நாலைந்து துணுக்குகளை வாசித்தார். கூட்டம் சிரித்தது. கண்ணை மூடிக் கேட்டுவிட்டு, "எல்லாம் மரியாதை" என்று என்னிடம் முணுமுணுத்தார். காகிதத்தை மடித்துப் பையில் வைத்துக்கொண்டு, நாற்காலியைக் கூட்டத்துக்கு முன்னால் இழுத்துப் போட்டு உட்கார்ந்து, கறாராகச் சொன்னார்.

"இனிமே பத்து நிமிசத்துக்கு யாரும் சிரிக்கக் கூடாது. சிரிக்கிறவிய வெளிய போயிரணும்."

சொல்லிவிட்டுச் சும்மா உட்கார்ந்திருந்தார். ஒரு சேட்டையும் செய்யவில்லை. ஒவ்வொரு முகமாகப் பார்த்தார். இரண்டு நிமிஷம் போனது. ஒருவர் இருமினார். கடைசி வரிசையில் அக்காவின் தோள் குலுங்குவதைப் பார்த்தேன். பிறகு அந்த விக்கல். பிறகு மொத்த மண்டபமும் வெடித்துச் சிரித்தது. அவர் கண்ணை மூடிக்கொண்டு என் பக்கம் விரலை ஆட்டினார், நிறுத்தாதே என்று. நான் மைக்கைத் தூக்கிக்கொண்டு அக்காவுக்குப் பக்கத்தில் போனேன். போனவன் நான்தான். அதை மறைக்க மாட்டேன்.

அவர் கொண்டுவந்த பெரிய ஸ்பூல் டேப் மெட்ராஸ் போனது. கூடவே எடுத்த கேசட் பிரதி என் கடையில் தங்கியது.

புதுத் தொடர் செவ்வாய்க்கிழமை சாயங்காலங்களில் வந்தது. இரண்டாவது வாரம் ஒரு காட்சி. சாம்பாரில் உப்பில்லை என்று புருஷன் பெண்டாட்டியைப் பளாரென்று அறைகிறான். அவள் தட்டோடு ஒரு சுற்றுச் சுற்றி வந்து நிற்கிறாள். மறுபடி அறைகிறான். மறுபடி சுற்றுகிறாள். ஒவ்வொரு அறைக்கும் கூட்டம் சிரிக்கிறது. கூட்டத்துக்கு மேலே, தனியாக, என் அக்கா சிரிக்கிறாள். "ஐயோ சாமி, முடியலயே" வரைக்கும் விட்டிருந்தார்.

அக்கா வீட்டில்தான் அந்தத் தெருவுக்கே டிவி. பத்துப் பதினைந்து பேர் உட்கார்ந்திருந்தார்களாம். "ஏட்டி, இது ஒன் சிரிப்பு மாதிரில்லா இருக்கு" என்று எதிர்வீட்டுப் பெண் வெள்ளந்தியாகச் சொல்லியிருக்கிறாள். எல்லோரும் போன பிறகு அத்தான் கதவைச் சாத்திவிட்டுக் கேட்டாராம்.

"யாருக்குடி சிரிச்ச?"

அடுத்த செவ்வாயும் அதே சிரிப்பு வந்தது. அதே கேள்வி, அதே அடி. அதற்கடுத்த செவ்வாயும். எல்லாக் காட்சிக்கும் அவர் அதையே போட்டுக்கொண்டிருந்தார். வாரம் தவறாமல் பல்லைக் கடித்துக்கொண்டு அக்கா அந்த அரைமணி நேரம் டிவி முன்னால் உட்கார்ந்திருக்கிறாள். எங்களிடம் மூச்சு விடவில்லை. நான் ஏதோ காரியமாகப் போனபோது கன்னத்து வீக்கத்தைப் பார்த்துத் தோண்டித் தோண்டிக் கேட்டதால் சொன்னாள்.

அத்தானிடம் போய் நின்று, கூப்பிட்டது நான்தான் என்று சொன்னேன். "தம்பி கூப்பிட்டா புருசன்கிட்டப் பொய் சொல்லணுமோ?" என்று கேட்டுவிட்டு உள்ளே போய்விட்டார். அக்கா வீட்டை விட்டு வர மறுத்தாள். "அந்தச் சிரிப்பு வராம இருந்தாப் போதும்லே. மனுசன் மறந்துருவாரு. அத மட்டும் எடுக்கச் சொல்லு" என்றாள்.

அவர் அப்போது கடைசி வாரங்களை எழுத லாட்ஜுக்கு வந்திருந்தார். படியேறிப் போய்ச் சொன்னேன்.

"அண்ணாச்சி, அந்தச் சிரிப்ப எடுத்துருங்க. அது வர்ற ஒவ்வொரு செவ்வாக்கிழமையும் அக்கா அடி வாங்குதா."

ஆடிப்போய்விட்டார். உண்மையாகவே ஆடிப்போனார், அதில் நடிப்பில்லை. என்னை உட்கார வைத்துத் தண்ணீர் கொடுத்தார். முழுக்கச் சொல்லச் சொன்னார். சொன்னேன்.

"என்னன்னு கேட்டு அடிச்சாரு?"

"யாருக்குடி சிரிச்சன்னு."

"அப்படியேவா கேட்டாரு? யாருக்குடி சிரிச்சன்னா?"

உதடு அசைந்தது. அவர் அதைத் தெலுங்கில் சொல்லிப் பார்க்கிறார் என்று எனக்குப் புரிய ஒரு கணம் ஆயிற்று. அதற்குள் கை சட்டைப்பைக்குப் போய்விட்டது.

நான் பாய்ந்து அந்தக் கையைப் பிடித்து முறுக்கினேன். பேனா கட்டிலுக்கடியில் போய் விழுந்தது. வாயில் வந்த கெட்ட வார்த்தை எல்லாம் சொன்னேன். அவர் கோபப்படவில்லை. மணிக்கட்டைத் தேய்த்துக்கொண்டே, "ஒங்க அக்கா எனக்கும் தங்கச்சிதான் தம்பி. எடுத்துருதேன். சத்தியமா எடுத்துருதேன்" என்றார். கண்ணில் தண்ணீர்கூட வந்தது. நம்பிக்கொண்டு இறங்கி வந்தேன்.

எடுக்கவில்லை. மெட்ராஸுக்கு டெலிபோன் போட்டுக் கேட்டபோது, "எடுத்துப் பாத்தேன் தம்பி. சீன் செத்துப் போச்சு" என்றார், செத்த வீட்டுச் சேதி சொல்கிற குரலில். என் அக்கா செத்தால்கூட அந்தக் குரல் அவருக்கு வந்திருக்காது.

கடைசி வாரத்தில், தொடரின் புருஷன் நாலு பேரோடு உட்கார்ந்து டிவி பார்க்கிறான். டிவியில் ஒரு சிரிப்புச் சத்தம் வருகிறது. காதைத் தீட்டிக்கொண்டு கேட்கிறான். எழுந்து வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு பெண்டாட்டியிடம் போகிறான்.

"யாருக்குடி சிரிச்ச?"

அக்காவின் சிரிப்பு. முழுசாக.

அக்கா வீட்டு டிவி முன்னால் இருந்த தெரு ஜனம் மொத்தமும் திரும்பி அத்தானைப் பார்த்தது. கதவைச் சாத்திக்கொண்டு கேட்டாலும் சுவருக்கும் காது உண்டு, அதுவும் அந்தத் தெருவில். ஒருவர் சிரித்தார். பிறகு எல்லோரும் சிரித்தார்கள். மறுநாள் மத்தியானம் அக்கா இடதுகையில் மாவுக்கட்டோடும் வலதுகையில் ஒரு பையோடும் ராஜபாளையம் பஸ் நிலையத்தில் வந்து இறங்கினாள்.

இதற்கு அவர் சொன்னதைக் கேளுங்கள். ஆறு மாதம் கழித்து ஊர்ப்பக்கம் வந்தவர், ஆள் விட்டு எனக்குச் சொல்லியனுப்பினார்: "அந்த நரகத்துல இருந்து ஒங்க அக்காவ வெளிய கொண்டாந்ததே என் சீன்தான்." சொல்ல வந்த ஆளை அடித்து விரட்டினேன். ஊரில் சில பேர் அதையும் சரிதானே என்றார்கள். மணிக்கட்டு கோணலாகக் கூடி, மழைக்காலத்தில் குடம் தூக்க முடியாமல் நிற்பவள் என் வீட்டில் இருந்தாள். அவர்கள் வீட்டில் இல்லை.

அக்கா சும்மா இருக்க மாட்டாமல் கடைக்கு வர ஆரம்பித்தாள். ஒரே வருஷத்தில் என்னைவிடச் சுத்தமாகப் பதிவு செய்தாள். வாடிக்கைக்காரர்களோடு நன்றாகப் பேசுவாள், புன்னகை செய்வாள். அந்தச் சிரிப்பு மட்டும் வரவில்லை. கேலி செய்து பார்த்தேன், பழைய கதை சொல்லிப் பார்த்தேன். தோள்கூட அசையாது. நானும் விட்டுவிட்டேன்.

எட்டு வருஷம் போனது. தனியார் சானல்கள் வந்து, அவர் வாரம் ஒன்று போய் தினம் ஒன்று தயாரிக்கும் பெரிய மனிதராகியிருந்தார். ஒரு நாள் காலை கடை வாசலில் கார் நின்றது. தலை முழுக்க நரைத்திருந்தது. ஒன்றுமே நடக்காதது போல உள்ளே வந்து ஸ்டூலில் உட்கார்ந்தார்.

"தம்பி, அந்த ஸ்பூல்ல பூசணம் புடிச்சுப் போச்சு. இத்தன வருசம் எங்கெங்கயோ புடிச்சுப் பாத்துட்டேன். அந்த மாதிரி ஒரு சிரிப்புக் கிடைக்கல. ஒங்ககிட்ட ஒரு கேசட் இருக்கணுமே."

"வெளிய போய்யா" என்றேன். பக்கத்துக் கடைக்காரர் எட்டிப் பார்க்கும் அளவுக்குக் கத்தினேன்.

அக்கா தடுப்புக்குப் பின்னாலிருந்து வந்தாள். கையில் அந்தக் கேசட் இருந்தது. அது எந்த அலமாரியில், எந்த வரிசையில் இருக்கிறது என்று அவளுக்கு இத்தனை நாளும் தெரிந்திருக்கிறது. என்னிடம் ஒரு வார்த்தை கேட்டதில்லை.

"கத்தாதலே" என்றாள் என்னிடம். பிறகு அவரிடம், "தாரேன் அண்ணாச்சி. கொண்டு போயி என்ன சீனுக்கு வேணும்னாலும் போட்டுக்கிடுங்க. பொம்பளைய அடிக்கிற சீனுக்கு மட்டும் போடக் கூடாது. அது ஒண்ணுதான்" என்றாள்.

வேறு எந்த அயோக்கியனும் சரி என்று சொல்லி வாங்கிக்கொண்டு போயிருப்பான். அவர் யோசித்தார். நிஜமாகவே யோசித்தார். சிரிப்பு விஷயத்தில் அவரால் பொய் சொல்ல முடியவில்லை.

"அதுக்குத்தாம்மா அது நல்லா வரும்" என்றார்.

அக்கா தலையை ஆட்டினாள், சரி புரிந்தது என்பது போல. கேசட்டில் தவறிப்போய் யாரும் வேறு எதையும் பதிந்துவிடாமல் இருக்க, ஓரத்திலிருக்கும் பிளாஸ்டிக் துண்டை நான் பதிவு செய்த அன்றே உடைத்து வைத்திருந்தேன். மறுபடி பதிய வசதியாக அந்த ஓட்டையின் மேல் அக்கா ஒரு துண்டு பிளாஸ்திரியை ஒட்டினாள். கேசட்டை மெஷினில் போட்டாள். மைக் வயரைப் பிடுங்கினாள். பதிவுப் பொத்தானை அழுத்தினாள்.

ஒரு பக்கம் முப்பது நிமிஷம். மூன்று பேரும் உட்கார்ந்திருந்தோம். கேசட் சுற்றியது, மீட்டரில் முள் அசையவில்லை. நடுவில் ஒருவர் பாட்டுப் பட்டியலோடு வந்தார். அக்கா வாங்கி வைத்துக்கொண்டு வெள்ளிக்கிழமை வரச் சொன்னாள். அவர் கண்ணை மூடி, தலையைச் சாய்த்து, ஒன்றுமில்லாததைக் கேட்டுக்கொண்டிருந்தார். டக்கென்று பொத்தான் மேலே வந்ததும் அக்கா கேசட்டை எடுத்துக் காலி கேசட்டுகளோடு அடுக்கிவிட்டு உள்ளே போனாள்.

நான் அவரைக் கார் வரைக்கும் தள்ளிக்கொண்டு போனேன், தள்ளிக்கொண்டு என்றுதான் சொல்ல வேண்டும். கதவைத் திறந்தவர் நின்று என்னைப் பார்த்தார்.

"கடைசியா ஒருக்கா போட்டுக் கேட்டிருக்கலாமே தம்பி" என்றார்.

அறைவதற்குக் கை எழுந்தது. எழுந்தபடியே நின்றுவிட்டது. அக்கா அந்தப் பிளாஸ்திரியை ஒட்டிக்கொண்டிருந்தபோது, ஒரு தடவை, ஒரே ஒரு தடவை போட்டுக் கேட்டுவிட்டு அழிக்கலாமே என்றுதான் நானும் நினைத்துக்கொண்டிருந்தேன். அவளுக்குத் தெரிந்திருக்கும். அதனால்தான் அவள் என் முகத்தைப் பார்க்காமலே பொத்தானை அழுத்தினாள்.